கவசமா, வேகமா? மீகாங் கால்வாய்ப் படகுகளை வைத்து ஒரு கணக்கு

ஆற்றில் ஓடும் போர்ப்படகுக்கு இரும்புத் தகடு அடித்தால் எடை கூடும். எடை கூடினால் வேகம் குறையும். படகு நீருக்குள் அமிழும் ஆழமும் கூடும். ஆழம் கூடினால் பாதிக் கால்வாய்களின் வாயிலேயே தரை தட்டி நிற்கும். சரி, தகடு வேண்டாம் என்றால், கரையோரப் புதரில் உட்கார்ந்திருப்பவன் முப்பது அடி தூரத்திலிருந்து சுடுவதை வெறும் உடம்பால் தாங்க வேண்டும். ஆற்றுக்குப் படகு வாங்கும் எந்தக் கடற்படையும் இந்த இழுபறியிலிருந்து தப்பியதில்லை. கொலம்பியா, பிரேசில், ருமேனியா, உக்ரைன் என்று ஒவ்வொரு நாடும் ஒவ்வொரு விதமாக இதற்கு விடை எழுதியிருக்கிறது. ஆனால் எல்லா விடைகளையும் ஒரே நேரத்தில், ஒரே தண்ணீரில் போட்டுப் பார்த்த இடம் ஒன்று உண்டு: வியட்நாம் போரில், 1966 முதல் 1970 வரையிலான மீகாங் கழிமுகம். அங்கே நடந்ததை வைத்தே ஒப்பிடுவது நேர்மையான வழி என்று நினைக்கிறேன்.

அந்த நிலத்தை முதலில் மனத்தில் வாங்கிக்கொள்ள வேண்டும். தென் வியட்நாமின் நெற்களஞ்சியம் அது. படகு செல்லத்தக்க இயற்கை நீர்வழிகள் சுமார் 2,400 கிலோமீட்டர். அவற்றுக்கிடையே மனிதர்கள் வெட்டிய கால்வாய்கள் சுமார் 4,000 கிலோமீட்டர். கனத்த வண்டிகள் நம்பிப் போகக்கூடிய பெரிய சாலை என்றால் நான்காம் எண் நெடுஞ்சாலை ஒன்றுதான். கடல் ஓதம் உள்நாடு வரை ஏறி இறங்கும். வடியும்போது கால்வாய் சேறாகிவிடும். ஏறும்போது பாலத்தின் அடியில் படகின் தலை இடிக்கும். ஆகவே எந்தப் படகுப் பயணத்துக்கும் நாள் குறிக்க ஓத அட்டவணை வேண்டும். அந்த அட்டவணை எதிரியான வியட்காங் கெரில்லாக்களுக்கும் மனப்பாடம்.

1965-ல் அமெரிக்கக் கடற்படையிடம் விமானந்தாங்கிக் கப்பல்கள் இருந்தன, அணுசக்தியில் ஓடும் நீர்மூழ்கிகள் இருந்தன. கால்வாய்க்குள் போரிடுவதற்கென்று வடிவமைத்த படகுதான் இல்லை. நூறாண்டுக்கு முன் அதே கடற்படை இதே பாடத்தைப் படித்திருந்தது என்பதுதான் வேடிக்கை. அமெரிக்க உள்நாட்டுப் போரில் மிசிசிப்பி ஆற்றுக்காக இரண்டரை அங்குல இரும்பு போர்த்திய ஏழு பீரங்கிப் படகுகளை ஜேம்ஸ் ஈட்ஸ் கட்டிக்கொடுத்தார். அவை கோட்டைகளோடு மோதின. ஆனால் கிளையாறுகளில் நுழைய முடியாமல் போனபோது, சாதாரண நீராவிப் படகுகளுக்கு மெல்லிய தகடு சுற்றித் ‘தகரப் படகு’ என்று கேலிப்பெயர் பெற்ற இன்னொரு கூட்டத்தை இறக்க வேண்டியதாயிற்று. கோட்டையை உடைக்க ஒன்று, கிளையாற்றைக் காக்க ஒன்று. மீகாங்கிலும் கடைசியில் இதே இரண்டு வகைதான் வந்து நின்றன.

முதலில் வந்தது வேகம்.

1965 டிசம்பரில் ‘கேம் வார்டன்’ என்ற நடவடிக்கை தொடங்கியது. பெருநதிக் கிளைகளில் போகும் சம்பான் என்னும் சிறு மரப்படகுகளை நிறுத்திச் சோதிப்பது, இரவில் ஆள் கடக்காமல் தடுப்பது, ஆயுதக் கடத்தலை அறுப்பது: இதுதான் வேலை. இதற்கு வாஷிங்டன் மாநிலத்தின் பெல்லிங்ஹாம் ஊரில் உல்லாசப் படகு கட்டிக்கொண்டிருந்த ஒரு நிறுவனத்திடம் அவசரமாக ஆர்டர் கொடுத்தார்கள். பிபிஆர் என்று எல்லோரும் அழைத்த அந்தப் படகு 31 அடி நீளம், ஃபைபர்கிளாஸ் உடல், நான்கு பேர் குழு. முதல் படகுகள் 1966 மார்ச்சில் வந்து சேர்ந்தன.

இந்தப் படகின் உயிர் அதன் இயந்திரத்தில் இருந்தது. அடியில் சுழலும் விசிறி கிடையாது. இரண்டு டீசல் என்ஜின்கள் தண்ணீரை உறிஞ்சிப் பின்னால் தாரையாகப் பீச்சும். அந்தத் தாரையின் திசையைத் திருப்பினால் படகு தன் நீளத்துக்குள்ளேயே வட்டமடிக்கும். முழு வேகத்தில் வந்துகொண்டிருக்கும்போதே சில படகு நீளங்களுக்குள் நின்றுவிடும். நின்ற நிலையில் இரண்டடித் தண்ணீர் போதும். வேகமெடுத்து மேலெழும்பினால் ஓர் அடிகூடத் தேவையில்லை. அந்த நீர்த்தாரைப் பம்பைச் செய்தது ஜக்கூஸி சகோதரர்களின் நிறுவனம். ஆம், பிற்காலத்தில் பணக்கார வீட்டுக் குளியல் தொட்டிக்குப் பெயர் கொடுத்த அதே ஜக்கூஸிதான்.

மணிக்கு 28 கடல் மைலுக்குச் சற்று மேல் என்பது காகிதத்தில் எழுதிய வேகம். குண்டுப்பெட்டிகளும் கூடுதல் துப்பாக்கிகளும் ஏறி, உடலும் தேய்ந்த பிறகு அந்த வேகம் கிடைக்கவில்லை. ஆகாயத்தாமரை பம்பின் வாயை அடைத்துக்கொள்ளும். சோதனைக்காக அணைந்த சம்பான்கள் உரசி உரசிப் படகின் விளிம்பு பிய்ந்தது. அடுத்த ரகத்தில் விளிம்புக்கு அலுமினியம் போட்டார்கள். நம் கடற்கரை மீனவர்களுக்கு இது புதிய செய்தி இல்லை: ஃபைபர் படகு அடிபடும், ஆனால் கரையேற்றி ஒட்டுப் போட்டால் மறுநாள் கடலுக்குப் போகும். பிபிஆர்களையும் அப்படித்தான் ஒட்டி ஒட்டி ஓட்டினார்கள்.

கவசம் என்று பார்த்தால் சுக்கான் பிடிப்பவரைச் சுற்றியும் துப்பாக்கி மேடையைச் சுற்றியும் மட்டும் கொஞ்சம் தகடு. மற்ற இடமெல்லாம் சாதாரணத் தோட்டாவே துளைத்துக்கொண்டு போகும். இதில் ஒரு விசித்திர நன்மையைப் படகோட்டிகள் சொல்வார்கள். ஆர்பிஜி எனப்படும் கவசத் தகர்ப்பு எறிகுண்டு இரும்பில் மோதினால்தான் உடனே வெடித்து உலோகத் தாரையாகப் பாயும். மெல்லிய ஃபைபர் சுவரில் பட்டால் சில நேரம் ஒரு பக்கம் நுழைந்து மறுபக்கம் வெளியேறி, வெடிக்காமலே போய்விடும். நம்பி வாழக்கூடிய பாதுகாப்பு இல்லை இது. ஆனாலும் இரும்பு கூடக்கூடப் பாதுகாப்பு கூடும் என்ற எளிய கணக்கை இது குலைக்கிறது.

1966 அக்டோபர் 31 அன்று ஜேம்ஸ் எலியட் வில்லியம்ஸ் என்ற மாலுமி இரண்டு பிபிஆர்களோடு ரோந்து போனார். இரண்டு சம்பான்களைத் துரத்திக்கொண்டு ஒரு வளைவைத் திரும்பியவர், படகுகளும் துருப்புகளும் குவிந்திருந்த எதிரி முகாமுக்குள்ளேயே போய் நின்றார். அந்த இடத்தில் வேகத்தைத் தவிர வேறு கவசம் அவருக்கு இல்லை. என்ஜினை முடுக்கி நடுவே பாய்ந்து வெளியேறினார். ஹெலிகாப்டர்களை அழைத்துக்கொண்டு திரும்பவும் உள்ளே போனார். சண்டை சுமார் மூன்று மணி நேரம். 65 படகுகள் அழிந்தன. அவருக்கு நாட்டின் மிக உயர்ந்த வீர விருது கிடைத்தது. கதையின் சாகசத்தை ஒதுக்கிவிட்டுப் பாருங்கள்: எப்போது வெளியேறுவது, எப்போது திரும்புவது என்ற முடிவு முழுக்க அவர் கையில் இருந்தது. நாற்பது காலாட்படை வீரர்களை ஏற்றிக்கொண்டு ஒரு குறிப்பிட்ட கரையில் இறக்கியே ஆக வேண்டும் என்ற கட்டளை அவர் தலையில் இல்லை.

அந்தக் கட்டளை இருந்தவர்களுக்குத்தான் இரும்பு தேவைப்பட்டது.

1967-ல் ஒன்பதாவது காலாட்படைப் பிரிவோடு சேர்ந்து ஓர் ஆற்றுத் தாக்குதல் படை உருவானது. இதற்கு முன்மாதிரி பிரெஞ்சுக்காரர்கள். 1940-களின் இறுதியிலிருந்தே அவர்கள் இரண்டாம் உலகப் போரில் மிஞ்சிய தரையிறக்கப் படகுகளுக்குத் தகடு அடித்து, சிலவற்றின் மேல் கவச வண்டியின் கோபுரத்தைத் தூக்கி வைத்து, அதே கால்வாய்களில் ஓட்டியிருந்தார்கள். அமெரிக்கர்களும் புதிதாக எதையும் கண்டுபிடிக்கவில்லை. பழைய எல்சிஎம்-6 தரையிறக்கப் படகை எடுத்து இரண்டு விதமாக அறுத்து ஒட்டினார்கள். ஆட்களை ஏற்றுவது ‘டாங்கோ’. ஒரு படகில் நாற்பது பேர் அடங்குவார்கள். முன்புறக் கதவை எடுத்துவிட்டு மூக்கைக் கூராக்கி, 40 மில்லிமீட்டர் பீரங்கிக் கோபுரமும் 81 மில்லிமீட்டர் மோர்ட்டாரும் வைத்தது ‘மானிட்டர்’. பீரங்கிக்குப் பதில் தீயெறி கருவி வைத்தால் சிகரெட் லைட்டரின் பெயரால் ‘சிப்போ’. ஒவ்வொரு தாக்குதல் அணிக்கும் 26 டாங்கோக்கள், 5 மானிட்டர்கள், கட்டளைப் படகு இரண்டு, எரிபொருள் படகு ஒன்று, ஆல்ஃபா எனப்பட்ட துணைப் படகுகள் 16 என்று ஒதுக்கீடு.

இந்த எண்ணிக்கையிலேயே ஒரு தீர்ப்பு இருக்கிறது. பார்க்கப் பயமுறுத்துவது மானிட்டர். புகைப்படங்களில் எல்லாம் அதுதான். ஆனால் ஐந்து மானிட்டருக்கு இருபத்தாறு டாங்கோ. கவசம் யாருக்கு என்று கேட்டால், உள்ளே உட்கார்ந்து வேடிக்கைகூடப் பார்க்க முடியாமல் வரும் அந்த நாற்பது பேருக்கு.

கவசத்தின் அமைப்பும் புத்திசாலித்தனமானது. உடலை ஒட்டிக் கடின எஃகுத் தகடு. அதற்கு வெளியே இடைவெளி விட்டு வரிசை வரிசையாக எஃகுக் கம்பிகள். வரும் எறிகுண்டு கம்பியில் பட்டு அங்கேயே வெடித்துவிட்டால், உலோகத் தாரை தகட்டை எட்டும்போது அதன் கூர்மை குறைந்திருக்கும். பின்னாளில் ஈராக்கில் அமெரிக்கக் கவச வண்டிகளைச் சுற்றிக் கட்டிய கூண்டும் இதே தத்துவம்தான். விலை என்னவென்றால் வேகம்: மானிட்டருக்கு மணிக்கு எட்டு கடல் மைல் சொச்சம். நீரோட்டத்தை எதிர்த்துப் போகும்போது, கரையில் ஓடும் ஒருவன் அதை முந்திவிடலாம். டீசல் சத்தம் வெகுதூரம் முன்னாலேயே கேட்கும். போகிற வழி ஒன்று, வருகிற வழியும் அதுவே. எனவே கவசப் படகு ஒளிந்து போவதில்லை. ‘வருகிறேன்’ என்று சொல்லிவிட்டுத்தான் போகிறது.

இதன் பரீட்சை 1967 செப்டம்பர் 15 காலையில் ராச் பா ராய் என்ற சிற்றாற்றில் நடந்தது. ஆறு கொண்டை ஊசிபோல வளையும் ஓரிடத்துக்கு அமெரிக்க வீரர்கள் கார்ட்டூன் நாயின் நினைவாக ‘ஸ்னூப்பியின் மூக்கு’ என்று பெயர் வைத்திருந்தார்கள். அறுபதாவது படைப்பிரிவின் மூன்றாவது பட்டாலியனை ஏற்றிக்கொண்டு படகுகள் வரிசையாக அந்தப் பகுதிக்குள் போனபோது இரு கரைகளிலிருந்தும் எறிகுண்டுகளும் பின்னுதைப்பில்லாப் பீரங்கிகளும் வெடித்தன. பதுங்குகுழிகள் கரை விளிம்பிலேயே. ஒரே ஒரு டாங்கோ மட்டும் தப்பி மேலே போய், குறித்த கரையில் தன் வீரர்களை இறக்கியும் விட்டது. தனியாக மாட்டிக்கொண்ட அதைத் திரும்ப அழைத்தார்கள். மற்றவை பின்வாங்கின. காயமடைந்தவர்களை இறக்கி, குண்டு நிரப்பி, அதே காலையில் அதே படகுகள் அதே வளைவு வழியாக மீண்டும் போயின. இந்த முறை கடந்துவிட்டன. படைகள் கரையேறின.

இறந்தவர்கள் பத்துக்கும் குறைவு. காயமடைந்தவர்கள் நூற்றுக்கும் மேல். ஒரு படகும் மூழ்கவில்லை. கவசத்துக்கு ஆதரவாக இதைவிட வலுவான சாட்சி எனக்குத் தெரியாது. அது காயத்தைத் தடுக்கவில்லை. ஆனால் படகை மிதக்கவும் ஓடவும் வைத்தது. அடிபட்டவர்களை வெளியே கொண்டுவர ஒரு வாகனம் மிஞ்சியது. அந்த வளைவில் அதே எண்ணிக்கையில் ஃபைபர் படகுகள் ஆளை ஏற்றிக்கொண்டு வரிசையில் போயிருந்தால் என்ன ஆகியிருக்கும் என்று யோசித்துப் பார்க்கவே வேண்டாம். கவசத்துக்கு எதிரான சாட்சியும் அதே நிகழ்ச்சிதான்: அவ்வளவு மெதுவாக, அவ்வளவு சத்தமாக வரும் வரிசைக்குக் குழி தோண்டிக் காத்திருக்க எதிரிக்கு வேண்டிய நேரம் கிடைத்தது. பிபிஆர் இரவில் என்ஜினை அணைத்துவிட்டு ஓரமாக மிதந்து காத்திருக்கும். பதுங்குவது அதன் முறை. டாங்கோவுக்கு அந்த வசதி இல்லை. எனவே இரண்டில் எது நல்ல படகு என்று கேட்பதே பிசகு. திரும்பிப் போகும் உரிமை யாருக்கு இல்லையோ அவருக்குத் தகடு. உரிமை உள்ளவருக்குத் தகடு வெறும் சுமை.

நடுவழி ஒன்று தேடியவர்களும் உண்டு. மேலே சொன்ன ஆல்ஃபா அதுதான். மற்றவையெல்லாம் ஒட்டுவேலை, இது ஒன்றே இந்த ஆற்றுக்கென்று வரைபலகையில் பிறந்தது. 50 அடி எஃகுப் படகு, மணிக்கு 16 கடல் மைல் என்று திட்டம், புகைபோக்கியை நீருக்கடியில் வைத்துச் சத்தத்தைக் குறைத்திருந்தார்கள். காகிதத்தில் அழகு. நடைமுறையில் பின்தளம் நீர்மட்டத்தை ஒட்டியிருந்ததால் பெரிய படகின் அலையே உள்ளே ஏறிவிடும். தாமதமாகவும் வந்து சேர்ந்தது. ஆனாலும் இதைத்தான் வரிசைக்கு முன்னால் ஓட்டினார்கள், கண்ணிவெடிக் கம்பிகளைக் கொக்கி போட்டு இழுக்க. ‘இதற்கென்றே புதிதாக வடிவமைக்கிறோம்’ என்று எந்தக் கப்பல் தளமாவது கோப்பு நீட்டினால் எனக்கு ஆல்ஃபா நினைவுக்கு வரும். பழைய தரையிறக்கப் படகின் தட்டையான, அசட்டுத்தனமான, மூழ்க மறுக்கும் உடம்பும் நினைவுக்கு வரும்.

காற்று மெத்தையில் பறக்கும் ஹோவர்கிராஃப்டும் மூன்று வந்தன. சேற்றிலும் நாணலிலும் மணிக்கு அறுபது கடல் மைல் பாய்ந்தன. சத்தம் ஊரையே எழுப்பும்; விலை ஒரு பிபிஆரைப்போலப் பத்து மடங்குக்கும் மேல். கடற்படை விரைவில் கைகழுவிவிட்டது. விட்டதே நல்லது.

இனி, விற்பனைச் சிற்றேட்டில் வராத ஒரு விஷயம். பக்கவாட்டுக் கவசம் எத்தனை அங்குலம் இருந்தாலும் ஆற்றில் ஆபத்து அடியிலிருந்தும் வரும். 1968 நவம்பர் முதல் தேதி அதிகாலை, மைதோ நகருக்கு அருகே நங்கூரமிட்டிருந்த வெஸ்ட்செஸ்டர் கவுண்டி என்ற பெரிய கப்பலின் பக்கத்தில் நீச்சல்காரர்கள் இரண்டு வெடிகளை ஒட்டிவிட்டுப் போனார்கள். 25 பேர் இறந்தார்கள். அது சண்டைப் படகே இல்லை. மாலுமிகளும் வீரர்களும் தூங்கி எழும் தாய்க்கப்பல். ஈட்ஸ் கட்டிய இரும்புப் படகுகளில் ஒன்றான கெய்ரோவுக்கும் இதே கதிதான். 1862 டிசம்பரில் யாசூ ஆற்றில் கரையிலிருந்து இயக்கிய கண்ணிவெடி அதன் அடியைப் பிளந்தது. பன்னிரண்டு நிமிடத்தில் மூழ்கியது. உயிர்ச்சேதம் இல்லை, சேறு அதை அப்படியே மூடி வைத்துக்கொள்ள, நூறாண்டு கழித்து 1964-ல் வெளியே எடுத்தார்கள். இரண்டரை அங்குல இரும்பு இன்றும் விக்ஸ்பர்க்கில் நல்ல நிலையில் இருக்கிறது.

தாய்க்கப்பல் என்றதும் செலவைப் பற்றிச் சொல்லியாக வேண்டும். மானிட்டரும் டாங்கோவும் தனியாக வாழ முடியாது. அவற்றின் பின்னால் தங்குமிடக் கப்பல்கள், பழுதுபார்க்கும் கப்பல், எரிபொருள், குண்டு, சேற்றைத் தோண்டிக் கொட்டி எழுப்பிய டோங் டாம் தளம் என்று ஒரு மிதக்கும் ஊரே வந்தது. பிபிஆருக்கும் தாய்க்கப்பல் தேவைதான். ஆனால் நான்கு பேருக்குச் சோறும் இரண்டு என்ஜினுக்கு எண்ணெயும் கிடைக்கும் எந்தக் கரையிலும் அது சமாளித்துவிடும். 1968 அக்டோபருக்குப் பிறகு அமெரிக்கக் கடற்படைத் தளபதி சம்வால்ட் கம்போடிய எல்லைக் கால்வாய்களை அடைக்க முனைந்தபோது, இரண்டு வகைகளையும் கலந்தே நிறுத்தினார். மறு ஆண்டு ஆகஸ்டில் ஆற்றுத் தாக்குதல் படை கலைக்கப்பட்டு, படகுகள் படிப்படியாகத் தென் வியட்நாமுக்குக் கைமாறின. படகு கொடுத்தவர்கள், மிதக்கும் ஊரை அதே அளவில் விட்டுச் செல்லவில்லை.

இந்தப் பாடத்தை நன்றாகப் படித்தது கொலம்பியா என்பது என் எண்ணம். அங்கே கார்த்தஹேனாவில் உள்ள கொத்தேக்மார் கப்பல் தளம் கட்டும் ஆற்றுக் கப்பலுக்கு ‘நோத்ரிசா’ என்று பெயர். ஸ்பானிய மொழியில் பால் கொடுத்து வளர்க்கும் செவிலித்தாய் என்று பொருள். கவசம் பூண்டு, மணிக்குப் பத்து கடல் மைலுக்குள் ஊர்ந்து போகும் செவிலி அவள்; பக்கத்தில் குஞ்சுகள்போல ‘பிரானா’ என்னும் சிறு வேகப்படகுகள். துரத்துவது குஞ்சுகள், உண்ண உறங்க அடிபட்டால் ஒதுங்கச் செவிலி. எதைத் தேர்ந்தெடுப்பது என்ற கேள்வியையே அவர்கள் தேர்ந்தெடுக்காமல் விட்டுவிட்டார்கள்.

உக்ரைனின் கியூர்சா-எம் எதிர்த் திசையில் போனது. 23 மீட்டர் படகில் கவசம், வேகம், தொலைவிலிருந்து இயக்கும் இரண்டு 30 மில்லிமீட்டர் பீரங்கி மேடைகள், ஐந்தே பேர் குழு என்று எல்லாவற்றையும் திணித்தார்கள். ஆற்றுக்கும் கரையோரத்துக்கும் நல்ல படகு. 2018 நவம்பர் 25 அன்று அத்தகைய இரண்டு படகுகளை ஓர் இழுவைப் படகோடு கருங்கடல் சுற்றி கெர்ச் நீரிணைக்கு அனுப்பினார்கள். ரஷ்யர்கள் சுட்டு, மூன்றையும் 24 மாலுமிகளோடு பிடித்துக்கொண்டார்கள். துப்பாக்கித் தோட்டாவைத் தாங்கச் செய்த தகடு கப்பல் பீரங்கியைத் தாங்கவில்லை என்பதில் வியக்க எதுவும் இல்லை. பிரேசில் மட்டும் அவசரமே படாமல் 1937-ல் நீரில் இறக்கிய பர்னாயிபா என்ற மானிட்டரை நீராவி என்ஜினை எடுத்து டீசல் பொருத்தி, ஹெலிகாப்டர் தளமும் வைத்துப் பராகுவே ஆற்றில் இன்னும் ஓட்டிக்கொண்டிருக்கிறது. எதிரி இல்லாத ஆற்றில் கவசம் நெடுநாள் வாழும்.

ஒரு சிறிய கடற்படைக்கு ஆற்றுப் படகு வாங்கும் பட்டியலை என் கையில் கொடுத்தால் இப்படி எழுதுவேன். முதல் வரியில் செவிலிக் கப்பல், அதன் பழுதுபார்ப்புப் பட்டறையோடு. அடுத்து, நான்கு பேர் ஓட்டும் மெல்லிய நீர்த்தாரைப் படகுகள், பட்ஜெட் தாங்கும் அளவுக்கு. எல்லை ஆறும் கடத்தலும்தான் பிரச்சினை என்றால் பட்டியலை அங்கேயே முடித்துவிடலாம். கரையில் படை இறக்கும் வேலை உண்மையாகவே இருந்தால் மட்டும் தரையிறக்கப் படகின் உடம்பில் கம்பிக் கவசம் போட்ட டாங்கோ. இன்று தலைக்கு மேலேயும் கம்பி வேண்டும், ஏனெனில் எறிகுண்டை இப்போது சின்ன ட்ரோன் மேலிருந்து கொண்டுவந்து போடுகிறது. பீரங்கிக் கோபுரம் வைத்த மானிட்டர் ஐந்து டாங்கோவுக்கு ஒன்றுகூட வேண்டாம். அந்தப் பணத்தில் வரிசைக்கு முன்னால் கொக்கி இழுத்துப் போகும் இரண்டு படகுகளும், இரவில் செவிலியைச் சுற்றி நீரைப் பார்த்துக்கொண்டிருக்கும் காவல் படகு ஒன்றும் வாங்குவேன். மிஞ்சும் தகட்டை, மெல்லிய படகுகளில் சுக்கான் பிடிப்பவரின் முதுகுக்குப் பின்னால் அடிக்கச் சொல்வேன்.